ஜடாயு இல்லாத ஃபெலுடா

பேர்பெற்ற எழுத்தாளர் ஒருவரின் நாவல் வரிசை படமாகிறது என்று அறிவிப்பு வந்ததும் வாசகர்கள் கேட்கிற முதல் கேள்வி, கதையை மாற்றிவிடுவார்களோ என்பது. படம் வெளிவந்த பிறகும் விவாதம் அதைச் சுற்றியே நடக்கிறது. எந்த அத்தியாயம் போயிற்று, எந்தப் பாத்திரத்தைக் காணவில்லை, முடிவு ஏன் வேறாக இருக்கிறது என்று பட்டியல் நீளும். 'பொன்னியின் செல்வன்' ஐந்து பாகங்களாக வந்தாலும் ஒரே கதை. மணி ரத்னத்தின் படத்தில் மணிமேகலை இல்லையே, சேந்தன் அமுதனின் பிறப்பு ரகசியம் இல்லையே என்று வாசகர்கள் வருந்தியதில் நியாயம் உண்டு. ஆனால் அதே ஆட்கள் புத்தகத்துக்குப் புத்தகம் திரும்பி வருகிற வரிசைகள் வேறு வகை. அங்கே ஒரு புத்தகத்தின் முடிச்சு அந்தப் புத்தகத்தோடு அவிழ்ந்துவிடுகிறது. அடுத்ததை நாம் வாங்குவது அந்த ஆட்களோடு இன்னொரு முறை இருந்து பார்ப்பதற்காக. அப்படிப்பட்ட வரிசையைப் படமாக்குகிறவர் சம்பவங்களை எவ்வளவு மாற்றினார் என்று கணக்குப் பார்ப்பதில் பயனில்லை. அந்த ஆட்களுக்கு நடுவே இருக்கிற உறவைக் காப்பாற்றினாரா என்றுதான் பார்க்க வேண்டும். இதற்கு வங்காளத்தின் ஃபெலுடா கதைகளைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை. அங்கே எழுதியவரும் படமாக்கியவரும் ஒருவரே: சத்யஜித் ரே.

சத்யஜித் ரேயின் தாத்தா உபேந்திரகிஷோர் 1913-இல் தொடங்கிய சிறுவர் இதழ் 'சந்தேஷ்'. நின்றுபோயிருந்த அதை 1961-இல் கவிஞர் சுபாஷ் முகோபாத்யாயுடன் சேர்ந்து ரே மறுபடி கொண்டுவந்தார். 1965 டிசம்பரில் அந்த இதழில் ஒரு சின்னத் துப்பறியும் கதை தொடங்கியது. டார்ஜிலிங்கில் நடக்கும் கதை. துப்பறிபவர் பிரதோஷ் மித்ர என்கிற ஃபெலுடா. கதையைச் சொல்பவன் அவருடைய தம்பி முறையான சிறுவன் தோப்ஷே. அது பிடித்துப்போகவே அடுத்தது வந்தது, பிறகு 'தேஷ்' பத்திரிகையின் பூஜை மலர்களிலும் வந்தது. 1992-இல் ரே மறைவதற்குள் முழுமையாக 35 கதைகள் ஆகியிருந்தன. ஓவியங்களும் அவரே வரைந்தார். முதல் சில கதைகளில் அண்ணனும் தம்பியும் மட்டும்தான். 1971-இல் வந்த 'சோனார் கெல்லா' நாவலில் மூன்றாவது ஆள் வந்து சேர்கிறார். லால்மோகன் கங்குலி, 'ஜடாயு' என்ற புனைபெயரில் சாகச நாவல்களாக எழுதித் தள்ளுகிறவர்; குட்டையான உருவம், வழுக்கைத் தலை, பயந்த சுபாவம், ஆனாலும் எங்கே கூப்பிட்டாலும் கூடவே வந்துவிடுகிற மனிதர். சிறுவர்களுக்காக எழுதியதால் காமம், துரோகம் போன்ற பெரியவர்களின் குற்றங்களை ரே தொட முடியாது. ஆகவே இந்தக் கதைகளில் குற்றத்தின் கனம் எப்போதும் சற்றுக் குறைவுதான். மூவரும் ரயிலில் போவதும் புது ஊரில் இறங்குவதும் சாப்பிடுவதும் பேசிக்கொள்வதுமே அந்தக் குறையை நிரப்புகின்றன.

1974-இல் 'சோனார் கெல்லா'வை ரே படமாக்கினார். முற்பிறவி நினைவு இருப்பதாகச் சொல்லும் முகுல் என்ற சிறுவன், பொன்னிறக் கோட்டை ஒன்றை வரைந்து காட்டுகிறான். அவனை ஆராய டாக்டர் ஹஸ்ரா ராஜஸ்தானுக்கு அழைத்துப் போகிறார். புதையல் கிடைக்கும் என்று இரண்டு எத்தர்கள் பின்தொடர்கிறார்கள். முகுலோடு இருக்கும் டாக்டர் போலி, உண்மையான ஹஸ்ராவை மலையிலிருந்து தள்ளிவிட்டு அவர் இடத்தில் அந்த எத்தர்களில் ஒருவன் உட்கார்ந்திருக்கிறான் என்பது நாவலின் கடைசியில்தான் நமக்குத் தெரியும். நாவலின் முழுப் புதிரும் அதுதான். படத்திலோ, ஹஸ்ராவைத் தள்ளிவிடுவதை ரே முன்னதாகவே நம் கண்ணெதிரே காட்டிவிடுகிறார். யார் குற்றவாளி என்ற கேள்வி அங்கேயே முடிந்துபோகிறது. வேறொரு இயக்குநர் இதைச் செய்திருந்தால், மூலக்கதையின் உயிரையே எடுத்துவிட்டார் என்று கொல்கத்தா முழுக்கப் பேசியிருக்கும்.

இந்த மாற்றத்துக்குக் காரணங்கள் உண்டு. முதலாவது, நாவலைச் சொல்வது தோப்ஷே. அவனுக்குத் தெரிந்தது மட்டுமே நமக்குத் தெரியும். ஆகவே போலி டாக்டரை அவன் நம்புகிறவரை நாமும் நம்புகிறோம். கேமராவுக்கு அந்தக் கட்டு கிடையாது. அது தோப்ஷே இல்லாத இடத்துக்கும் போய்விடுகிறது. அப்படிப் போன பிறகு ஒன்றை மட்டும் ஒளித்துவைத்தால் பார்வையாளருக்கு அது ஏமாற்றாகத்தான் படும். இரண்டாவது, நாவல் வந்து மூன்று ஆண்டுகள் ஆகிவிட்டன. அரங்குக்கு வரும் பிள்ளைகளில் பலருக்கு முடிவு முன்பே தெரியும். மூன்றாவது காரணம் அவருடைய சொந்த அனுபவம். 1967-இல் சரதிந்து பந்தோபாத்யாயின் வ்யோம்கேஷ் துப்பறியும் கதை ஒன்றை 'சிடியாகானா' என்று எடுத்தார். உத்தம் குமார் நடித்த அந்தப் படத்துக்குத் தேசிய விருதும் கிடைத்தது. ரேக்கு அதில் திருப்தி இல்லை. எல்லாரையும் ஒரு அறையில் கூட்டிவைத்துத் துப்பறிபவர் நீளமாக விளக்குகிற கடைசிக் காட்சி, புத்தகத்தில் எவ்வளவு சுவையோ திரையில் அவ்வளவு சுமை. அந்தச் சுமையைத் தன் சொந்தக் கதையில் அவர் ஏற்ற விரும்பவில்லை. யார் என்ற கேள்வி போன இடத்தில், என்ன ஆகுமோ என்ற பதைப்பு வந்து அமர்கிறது. ஜோத்பூர் சர்க்யூட் ஹவுஸில் அந்தப் போலி ஆளோடு ஃபெலுடா இயல்பாகப் பேசிக்கொண்டிருக்கிறபோது நமக்குத் தெரிந்த ஒன்று அவருக்குத் தெரியாது. அவருடைய படுக்கையில் தேள் விடப்படும்போது நம் வயிறு கலங்குகிறது.

இப்படிப் புதிரையே கழற்றி எறிந்தவர் எதைத் தொடவில்லை என்று பார்த்தால்தான் அவர் எதை மூலம் என்று நினைத்தார் என்பது புரியும். கான்பூரில் ஜடாயு ரயில் ஏறுகிற காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். எதிரே இருப்பவர்கள் வங்காளிகள் என்று தெரியாமல் தப்பும் தவறுமான இந்தியில் பேச்சைத் தொடங்குகிறார். தெரிந்ததும் முகம் மலர்கிறது. தன் நாவல்களின் பெருமையை எடுத்துவிடுகிறார். ஒட்டகம் வயிற்றில் தண்ணீரைச் சேர்த்து வைத்துக்கொள்ளும் என்று அவர் எழுதியிருப்பதை, அது தண்ணீர் இல்லை, திமிலில் இருக்கும் கொழுப்பு என்று ஃபெலுடா திருத்துகிறார். ஜடாயு கோபித்துக்கொள்வதில்லை, அடுத்த பதிப்பில் சரிசெய்துவிட வேண்டும் என்கிற தோரணையில் கேட்டுக்கொள்கிறார். தோப்ஷே சிரிப்பை அடக்கிக்கொண்டு பார்க்கிறான். கதை நகர்வதற்கு இந்தக் காட்சியால் எந்த உதவியும் இல்லை, வெட்டியிருந்தால் படத்தின் நீளம் குறைந்திருக்கும். ஆனால் ஒருவர் அறிவாளி, ஒருவர் அப்பாவி, ஒருவன் இருவரையும் பார்த்துக்கொண்டிருப்பவன், அறிவாளி அப்பாவியை ஒருபோதும் கேவலப்படுத்துவதில்லை என்ற இந்த வரிசையின் மொத்த ஒழுங்கும் அந்த ரயில் பெட்டிக்குள் நிலைநாட்டப்பட்டுவிடுகிறது. ரே அங்கே நேரத்தைத் தாராளமாகச் செலவழித்திருக்கிறார்.

ஜடாயுவாக நடித்தவர் சந்தோஷ் தத்தா, தொழிலில் வழக்கறிஞர். இந்தப் படத்துக்கு முன்பு ரே தன் ஓவியங்களில் வரைந்த ஜடாயுவும், பின்பு வரைந்த ஜடாயுவும் ஒரே ஆள் இல்லை. பின்னால் வந்த புத்தகங்களில் இருப்பது சந்தோஷ் தத்தாவின் முகம், அவருடைய மீசை, அவருடைய நிற்கும் விதம். நாவலிலிருந்து படம் போனது போக, படத்திலிருந்து நாவலுக்குள் ஒரு மனிதர் குடிவந்துவிட்டார். எழுதியவரே அதை மனமுவந்து ஏற்றுக்கொண்டார். மூலம் என்பது அச்சில் ஏறி முடிந்துபோன ஒன்று என்று நினைக்கிறவர்களுக்கு இதைவிடப் பெரிய மறுப்பு வேண்டியதில்லை. வரிசை இன்னும் எழுதப்பட்டுக்கொண்டிருக்கும்போது மூலமும் வளர்ந்துகொண்டுதான் இருக்கிறது.

இங்கே ஒரு ஆட்சேபம் வரும். ரே தன் கதையைத் தானே மாற்றினார். அது அவர் உரிமை. அதை முன்னுதாரணமாகக் காட்டி, கண்டவரும் கண்டவர் கதையில் கைவைக்கலாமா? உரிமை என்ற அளவில் இந்த ஆட்சேபம் சரி. ஆனால் ரே மாற்றியதற்கு அடிப்படையாக இருந்தவை உரிமைகள் அல்ல, காரணங்கள்: கதைசொல்லியின் பார்வைக்கும் கேமராவின் பார்வைக்கும் உள்ள வேறுபாடு, வாசகருக்கு முன்பே தெரிந்துவிட்ட முடிவு, விளக்கவுரையின் சுமை. எழுத்தாளர் யாராக இருந்தாலும் இந்தக் காரணங்கள் அப்படியே இருக்கும். எழுதியவர் என்பதால் அவருக்கு ஒரு வசதி மட்டும் அதிகம் இருந்தது. தன் கதையில் எது சுவர், எது தூண் என்று அவருக்குச் சந்தேகமில்லாமல் தெரியும். மற்றவர்கள் அதை வாசித்து வாசித்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். கஷ்டமான வேலைதான், ஆனால் முடியாத வேலை இல்லை.

இன்னொரு ஆட்சேபம் இதைவிடக் கூர்மையானது. உறவு மட்டும் போதும் என்றால் கதை வெறும் சாக்குதானா? மூன்று பேரை உட்காரவைத்துப் பேசவிட்டால் போதுமா? போதாது. 1979-இல் வந்த 'ஜெய் பாபா ஃபெலுநாத்' படத்தில் இதற்குப் பதில் இருக்கிறது. காசியில் மகன்லால் மேக்ராஜ் என்ற கடத்தல்காரனின் வீடு. உத்பல் தத் திண்டில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறார். விருந்தாளிகளுக்குச் சர்பத் வருகிறது. அதில் விஷம் இருக்குமோ என்று ஜடாயு தவிக்கிறார். பிறகு ஜடாயுவை ஒரு பலகைக்கு முன்னால் நிற்கவைத்து, வயதாகிப்போன கத்தி வீசுகிறவன் ஒருவனைக் கொண்டு அவரைச் சுற்றிக் கத்திகளை வீசச் செய்கிறான் மகன்லால். ஒவ்வொரு கத்தியும் மரத்தில் பாய்கிறது. ஃபெலுடாவால் ஒன்றும் செய்ய முடியவில்லை. அவருடைய அறிவு, துப்பாக்கி, வாசிப்பு எதற்கும் அந்த அறையில் பயனில்லை. தன்னை நம்பி வந்த ஒரு அப்பாவி மனிதர் தன் கண்முன்னால் அவமானப்படுவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியிருக்கிறது. பிறகு கங்கைப் படித்துறையில், இதற்குப் பதில் கொடுப்பேன், இல்லாவிட்டால் இந்தத் தொழிலையே விட்டுவிடுவேன் என்று அவர் சொல்கிறபோது அது வசனமாகப் படுவதில்லை. காணாமல்போன பிள்ளையார் சிலையைக் கண்டுபிடிப்பது அதற்குப் பிறகு இரண்டாம்பட்சம். கதையின் வேலை இதுதான். உறவைச் சோதனைக்கு உட்படுத்துகிற நெருக்கடியை அது கொண்டுவர வேண்டும். சம்பவத்தை மாற்றலாம், ஆனால் மாற்றி வைக்கிற சம்பவமும் அதே சோதனையைத் தர வேண்டும். இந்தக் கத்திக் காட்சி நாவலிலும் உண்டு. 'சோனார் கெல்லா'வில் புதிரையே மாற்றியவர் இதை மாற்றவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

இழப்பே இல்லை என்று சொல்ல மாட்டேன். இரண்டு படங்களிலும் குறைந்துபோனவன் தோப்ஷே. புத்தகத்தில் எல்லாவற்றையும் அவன் கண் வழியாகத்தான் பார்க்கிறோம். அண்ணனின் மேல் அவனுக்கு இருக்கிற வியப்புதான் ஃபெலுடாவை ஃபெலுடாவாக்குகிறது. திரையில் அவன் ஓரமாக உட்கார்ந்திருக்கும் ஒரு நல்ல பையன் மட்டுமே. கதைசொல்லியைக் கேமரா விழுங்கிவிடுகிற இந்தக் குறைக்கு ரேயும் மருந்து கண்டுபிடிக்கவில்லை. அவருக்குப் பின் வந்தவர்களும் கண்டுபிடிக்கவில்லை.

1988 மார்ச்சில் சந்தோஷ் தத்தா இறந்தார். அவர் இல்லாமல் இனி ஃபெலுடா படம் எடுப்பதற்கில்லை என்று ரே முடிவுசெய்தார். 1983-இல் வந்த மாரடைப்புக்குப் பிறகு அவர் உடல் நலிந்திருந்தது உண்மைதான். ராஜஸ்தானிலும் காசியிலும் போய்ப் படமெடுக்கிற நிலையில் அவர் இல்லை. ஆனாலும் 1989 தொடங்கி 'கணசத்ரு', 'சாகா ப்ரசாகா', 'ஆகந்துக்' என்று மூன்று படங்கள் எடுத்தார். ஜடாயுவை வைத்துக் கதைகளும் எழுதிக்கொண்டே இருந்தார். மூவரையும் சென்னைக்கும் மாமல்லபுரத்துக்கும் கொண்டுவருகிற 'நயன் ரகஸ்ய' அந்த ஆண்டுகளில் வந்ததுதான். எழுத முடிந்த ஜடாயுவை எடுக்க மட்டும் மனம் வரவில்லை. ஃபெலுடாவாக நடித்த சௌமித்ர சட்டர்ஜி அப்போதும் இருந்தார். கதாநாயகன் இருந்தும் வரிசை நின்றது.

அவர் மகன் சந்தீப் ரேயின் அனுபவமும் இதையே சொல்கிறது. 1986-இல் தூர்தர்ஷனுக்காக அவர் எடுத்த 'கிஸ்ஸா காட்மண்டு கா' இந்தித் தொடரில் சசி கபூர் ஃபெலுடா, மோகன் அகாஷே ஜடாயு. இருவருமே தேர்ந்த நடிகர்கள். இருந்தும் அங்கே அந்த வீட்டு நெருக்கம் கூடிவரவில்லை. 1996-இல் 'பாக்ஸ ரகஸ்ய' தொலைக்காட்சிப் படத்தில் சவ்யசாசி சக்ரவர்த்தி ஃபெலுடாவாகவும் ரவி கோஷ் ஜடாயுவாகவும் வந்தார்கள். அடுத்த ஆண்டே ரவி கோஷ் மறைந்தார். பிறகு அனுப் குமார் வந்தார். 2003-இலிருந்து பெரிய திரைப் படங்களில் விபு பட்டாச்சார்யா; 2011-இல் அவரும் மறைந்தார். அதன்பின் சந்தீப் என்ன செய்தார் என்பது கவனத்துக்குரியது. 2014-இல் அவர் எடுத்தது 'பாத்ஷாஹி ஆங்டி': ஜடாயு பிறப்பதற்கு முன்பு எழுதப்பட்ட கதை. 2016-இல் எடுத்த 'டபுள் ஃபெலுடா'வில் இரண்டு கதைகள், இரண்டிலும் ஜடாயு இல்லை. ஃபெலுடாவுக்கு ஆள் மாற்ற முடிந்தது. ஜடாயு இடத்துக்கு ஆள் கிடைக்காததால் கதைத் தேர்வையே மாற்ற வேண்டியிருந்தது. 2022-இல் 'ஹத்யாபுரி'யில்தான் மூவரையும் புது நடிகர்களோடு அவர் திரும்பக் கொண்டுவந்தார்.

அப்படியானால் இது வெறும் நடிகர் தேர்வுப் பிரச்சினைதானே என்று கேட்கலாம். இல்லை என்பதற்கு வேறு மொழியிலிருந்து ஒரு சான்று. அகதா கிறிஸ்டியின் பொய்ரோ கதைகளைப் பிரிட்டிஷ் தொலைக்காட்சி 1989 முதல் 2013 வரை 70 படங்களாக எடுத்தது; எல்லாவற்றிலும் டேவிட் சுஷே. அதன் ஆரம்ப ஆண்டுகளில் திரைக்கதையாசிரியர்கள் துணிந்து ஒரு காரியம் செய்தார்கள். கேப்டன் ஹேஸ்டிங்ஸ், இன்ஸ்பெக்டர் ஜாப், மிஸ் லெமன் மூவரும், கிறிஸ்டி அவர்களை வைக்காத கதைகளிலும் கொண்டுவரப்பட்டார்கள். எழுத்துக்கு எழுத்து விசுவாசம் பார்த்தால் இது அத்துமீறல். ஆனால் வாரா வாரம் பார்க்கிறவர்களுக்கு அந்த லண்டன் அடுக்ககமும் அந்த நால்வரும்தான் வரிசையின் வீடு என்பதை அவர்கள் சரியாகப் புரிந்துகொண்டிருந்தார்கள். இதற்கு எதிர்த்திசையில் போனவர் கென்னத் பிரானா. அவர் 2017-இலிருந்து எடுத்த திரைப்படங்களில் பொய்ரோவுக்கு இழந்த காதல் உண்டு. 'டெத் ஆன் தி நைல்' படத்தில் மீசைக்குக்கூட முதல் உலகப் போரில் பட்ட காயம் காரணமாகச் சொல்லப்படுகிறது. சம்பவங்கள் பெரும்பாலும் கிறிஸ்டியுடையவையே. மனிதர் மட்டும் தனியாக நிற்கிற, துயரம் சுமக்கிற சினிமாக் கதாநாயகர் ஆகிவிட்டார். இரண்டு மணி நேரத்தில் முடிந்துவிடுகிற படத்துக்கு ஒரு நாயகனின் பூர்வகதை எளிதாகக் கைகொடுக்கிறது. பழகிப் பழகி வருகிற தோழமைக்கு அங்கே அவகாசம் குறைவு. தொலைக்காட்சித் தொடர் வடிவம் இத்தகைய வரிசைகளுக்குப் பொருந்துவது இதனால்தான் என்று நினைக்கிறேன். ரே ஒரே படத்துக்குள் அதைச் சாதித்தது, ரயில் பெட்டியில் நேரத்தைச் செலவழிக்க அஞ்சாததால்.

தமிழில் இதற்கு இணையாக நமக்கு இருப்பது சுஜாதாவின் கணேஷ்–வசந்த். 1978-இல் 'ப்ரியா' படமானபோது ரஜினிகாந்த் கணேஷாக நடித்தார். சிங்கப்பூர் வந்தது, இளையராஜாவின் அருமையான பாடல்கள் வந்தன, கணேஷுக்கு ஜோடியாக மலேசிய நடிகை ஒருவரும் வந்தார். நட்சத்திரப் படமாக அது வெற்றிபெற்றது. அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் கணேஷ் அளந்து பேசுவதும், வசந்த் அதைக் கலைத்துப்போடுவதும், சீனியர் கண்டிக்க ஜூனியர் அசராமல் தொடர்வதுமாக ஒரு வழக்கறிஞர் அறைக்குள் நடக்கிற அந்தப் பேச்சை வாசகர் அங்கே தேடினால் ஏமாந்துதான் போவார். கணேஷ் காதலித்துப் பாடலாம் என்று யாராவது முடிவுசெய்துவிட்டால் வசந்துக்கு வேலை இல்லாமல் போகிறது. வசந்துக்கு வேலை இல்லாத இடத்தில் கணேஷும் இன்னொரு வக்கீல்தான்.

இணையத் தொடர்களுக்குப் பஞ்சமில்லாத இந்தக் காலத்தில் யாராவது கணேஷ்–வசந்த் கதைகளை மறுபடி கையில் எடுக்கக்கூடும். அவர்களிடம் கேட்டுக்கொள்வது இவ்வளவுதான். கொலையாளியை மாற்றிக்கொள்ளுங்கள், ஊரை மாற்றிக்கொள்ளுங்கள், டைப்ரைட்டர் இருந்த இடத்தில் லேப்டாப்பை வையுங்கள், சில கதைகளில் முடிவையே முன்னால் சொல்லிவிடுங்கள். ஆனால் கணேஷுக்கு எந்த நட்சத்திரம் என்று தீர்மானிப்பதற்கு முன்னால் வசந்தைத் தேடுங்கள். இருவரையும் ஒரு அறையில் உட்காரவைத்து, வழக்கு எதுவும் இல்லாமல் பத்து நிமிடம் பேசவிட்டுப் பாருங்கள். கேட்டுக்கொண்டே இருக்கலாம் போலிருந்தால் மட்டும் படப்பிடிப்புக்குத் தேதி குறியுங்கள்.